கு சாங்வெய்: ஒரு சீன ஒளிப்பதிவாளரைப் படிப்படியாகப் பார்ப்பது எப்படி?

முதல்முறை நான் 'ஜூ டௌ' என்ற சீனப் படத்தைப் பார்த்தபோது அதில் சிவப்பே இல்லை. காப்பிக்குக் காப்பி எடுத்து, கடைசியில் என் கைக்கு வந்து சேர்ந்த விசிடி அது. சாயப்பட்டறையில் தொங்கிய துணியெல்லாம் செங்கல் நிறத்தில் தெரிந்தது. கதை பிடித்திருந்தது. ஆனால் ஒளிப்பதிவை ஏன் இப்படித் தலையில் தூக்கிவைத்துக் கொண்டாடுகிறார்கள் என்று மட்டும் விளங்கவில்லை. சில வருடம் கழித்து நல்ல பிரதி ஒன்றில் அதே காட்சி. உயரத்தில் கட்டியிருந்த சிவப்புத் துணி, சுருள் சுருளாக அவிழ்ந்து சாயத்தொட்டிக்குள் விழுந்துகொண்டே இருந்தது. அன்றைக்குத்தான் அந்தப் படத்தை முதல்முறை பார்த்தேன் என்று சொல்ல வேண்டும்.

அந்தச் சிவப்பில் பெரும்பங்கு உள்ளவர் கு சாங்வெய். ஜாங் யிமோ, சென் கைகே, ஜியாங் வென் என்று மூன்று இயக்குநர்களின் முக்கியமான படங்களில் கேமராவுக்குப் பின்னால் நின்றவர். இயக்குநர்களின் பெயர் உலகம் முழுக்கத் தெரியும். இவர் பெயரைக் கேட்டால் சினிமா பைத்தியங்கள்கூட ஒரு நொடி யோசிப்பார்கள். அவருடைய படங்களை எந்த வரிசையில் பார்ப்பது, எந்த இடத்தில் நிறுத்தி எதைக் கவனிப்பது என்பதற்கான வழிகாட்டி இது. ஒரே ஒரு கேள்வியை மட்டும் கையில் வைத்துக்கொள்ளுங்கள்: திரையில் தெரியும் இந்த நிறம், இந்த வெளிச்சம், யார் கண்ணுக்குத் தெரிவது? அவர் படங்களில் இந்தக் கேள்விக்கு அநேகமாக ஒரு பதில் இருக்கும்.

படி 1: ஆள் யார் என்று தெரிந்துகொள்ளுங்கள்

1957இல் ஷியான் நகரில் பிறந்தவர். மாவோ நடத்திய கலாச்சாரப் புரட்சியின்போது (1966–76) மாணவர் சேர்க்கையை நிறுத்தியிருந்த பீஜிங் திரைப்படக் கல்லூரி, 1978இல் மறுபடி கதவைத் திறந்தது. அந்த முதல் செட்டில் சேர்ந்தார். இயக்கம் படிக்க வந்தவர்களில் சென் கைகேயும் தியென் ஜுவாங்ஜுவாங்கும் இருந்தார்கள். ஒளிப்பதிவு வகுப்பில் ஜாங் யிமோ, லு யூ, ஜாவ் ஃபெய், ஹோ யோங் ஆகியோருடன் இவரும் இருந்தார். ஒரே வகுப்பறையில் இத்தனை பேர் எப்படி வாய்த்தார்கள் என்று இன்றைக்கும் ஆச்சரியமாக இருக்கிறது. 1982இல் படிப்பு முடிந்து வெளியே வந்த இந்தக் கூட்டத்தைத்தான் 'ஐந்தாம் தலைமுறை' என்கிறார்கள்.

அந்தக் காலத்தில் படிப்பை முடித்தவர்களை எந்த ஸ்டுடியோவுக்கு அனுப்புவது என்று அரசுதான் முடிவு செய்யும். கு சாங்வெய்க்குச் சொந்த ஊரிலேயே இருந்த ஷியான் ஸ்டுடியோ கிடைத்தது. அதன் தலைவராக வூ தியென்மிங் வந்தார். இளைஞர்களை நம்பிப் பணம் கொடுத்த மனிதர் அவர். ஜாங் யிமோ தெற்கே குவாங்ஷி ஸ்டுடியோவுக்குப் போய், சென் கைகே இயக்கிய 'யெல்லோ எர்த்' படத்துக்கு (1984) ஒளிப்பதிவு செய்து பெயர் வாங்கினார். பிறகு ஷியானுக்கு வந்து தானே இயக்குநரானபோது, கேமராவைக் கொடுக்க அவர் தேர்ந்தெடுத்தது தன் வகுப்புத் தோழனை. ஒரு நல்ல ஒளிப்பதிவாளர் தன் முதல் படத்துக்கு இன்னொருவரை நம்பியிருக்கிறார். பரிந்துரைக் கடிதம் என்றால் அதுதான்.

படி 2: பிரதியைச் சரிபாருங்கள்

என் விசிடி கதை உங்களுக்கு நேர வேண்டாம். 1980களின் சீனப் படங்கள் இணையத்தில் கண்டபடி கிடைக்கும். பலவற்றில் நிறம் வெளுத்திருக்கும், ஃப்ரேமின் ஓரங்களை வெட்டியிருப்பார்கள். 'ஃபேர்வெல் மை கான்குபைன்' படத்தில் வேறொரு சிக்கல். முழுப்படம் 171 நிமிடம். அமெரிக்காவில் முதலில் வெளியானது 157 நிமிடப் பிரதி. புதுப்பிக்கப்பட்ட முழுநீளப் பிரதி 2023இல் திரையரங்குகளுக்கு வந்தது. நேரத்தைப் பார்த்துவிட்டு உட்காருங்கள்.

அப்புறம், டிவியில் 'விவிட்' மாதிரி ஏதாவது மோட் ஓடிக்கொண்டிருந்தால் அணைத்துவிடுங்கள். சிவப்பை டிவி தன் இஷ்டத்துக்கு ஏற்றிக் காட்டினால், இவர் எங்கே ஏற்றினார், எங்கே இறக்கினார் என்பது தெரியாமல் போய்விடும்.

படி 3: 'ரெட் சோர்கம்' படத்தில் பல்லக்குக்குள் ஏறுங்கள்

ஜாங் யிமோ இயக்குநராக 1987இல் எடுத்த முதல் படம். 1988 பெர்லின் விழாவில் தங்கக் கரடி வாங்கியது. கதை எழுத்தாளர் மோ யானுடையது. சோளக்காடு அவருடைய சொந்த ஊரான ஷாண்டோங் மாகாணத்தின் காவ்மியில். படத்துக்காகவே சோளம் விதைத்து வளர்த்தார்கள். சாராயம் காய்ச்சும் மண்கட்டடங்களை எடுத்தது வடமேற்கே நிங்ஷியாவில். ஒன்று பச்சைப் பூமி, இன்னொன்று மரம் மட்டையில்லாத மஞ்சள் மண். இரண்டையும் ஒரே ஊராக நம்ப வைப்பதில் வெளிச்சத்துக்கும் தூசிக்கும் பாதிப் பங்கு உண்டு.

படத்தைத் தொடங்கி முதல் 10 நிமிடம் எதுவும் யோசிக்காமல் பாருங்கள். பிறகு திரும்பப் போய், சத்தத்தை அணைத்துவிட்டு மறுபடி பாருங்கள். கல்யாணப் பெண்ணாகக் கோங் லி பல்லக்கில் உட்கார்ந்திருக்கிறார். வெளியே கொளுத்தும் வெயில். நாலு பக்கமும் சிவப்புத் துணி. வெயில் அந்தத் துணி வழியாக வடிகட்டி உள்ளே வருவதால் அவர் முகம், கை, உடை எல்லாம் ஒரே சிவப்பு. நிழல்கூடக் கருப்பாக விழவில்லை, கருஞ்சிவப்பாக விழுகிறது. வெட்டி வெளியே போனால் வெள்ளை வெயில், புழுதி, சட்டையில்லாத முதுகுகள். திரும்ப உள்ளே வந்தால் சிவப்பு. துணியை விலக்கி அவர் வெளியே பார்க்கும்போது இந்த இரண்டு உலகமும் ஒரு இடுக்கில் சந்திக்கின்றன. அந்த இடுக்கு வழியாகத்தான் பல்லக்குத் தூக்கியின் வியர்வை வழியும் முதுகு அவர் கண்ணில் படுகிறது. கதையில் அதன்பிறகு நடப்பதெல்லாம் அந்த இடுக்கில் தொடங்கியதுதான்.

சத்தத்தோடு இன்னொரு தடவை பாருங்கள். தூக்கிகள் பாடிக்கொண்டு பெண்ணைக் குலுக்குகிறார்கள், கேமராவும் குலுங்குகிறது. உள்ளிருந்து அழுகைச் சத்தம் கேட்டதும் குலுக்கல் நிற்கிறது. பாட்டும் நிற்கிறது. வெறும் நடை மட்டும்.

வீட்டில் செய்து பார்க்க ஆசை இருந்தால் செலவே இல்லை. உச்சிவெயில் அடிக்கும் ஜன்னலில் ஒரு சிவப்புப் புடவையைக் கட்டுங்கள். உள்ளே ஒருவரை உட்கார வைத்துப் போனில் எடுங்கள். போன் அவசரமாக அந்தச் சிவப்பைத் 'திருத்தி' முகத்தைச் சாதாரண நிறத்துக்குக் கொண்டுவரப் பார்க்கும். வைட் பேலன்ஸை (எதை வெள்ளையாக எடுத்துக்கொள்வது என்று கேமராவுக்குச் சொல்லும் அமைப்பை) வெளியே வெயிலில் வைத்து லாக் செய்துவிட்டு உள்ளே வந்து எடுங்கள். இப்போது சிவப்பு சிவப்பாகவே விழும். இயந்திரம் பிழை என்று நினைப்பதைப் பிழை திருத்தாமல் விடுவது பாதி வேலை.

அடுத்து சோளக்காட்டுக் காட்சி. வசனம் இல்லை. சூரியன் கேமராவுக்கு எதிரே இருக்கிறது. இலை ஒவ்வொன்றும் பின்னாலிருந்து ஒளி வாங்கி மினுங்குகிறது. காற்று அடிக்க அடிக்க வெயில் தெரிந்து தெரிந்து மறைகிறது. சோளக்கொல்லைக்குள் நின்று மேலே பார்த்தவர்களுக்கு இது புதிதில்லை. புதிது என்னவென்றால், இரண்டு பேரைக் காட்ட வேண்டிய இடத்தில் மாறி மாறிப் பயிரையே காட்டிக்கொண்டிருக்கும் துணிச்சல்.

கடைசியில் சூரிய கிரகணம் வந்து திரை முழுக்கச் சிவப்பாகும். சிலருக்கு அது மிகையாகத் தோன்றலாம். ஆனால் இந்தக் கதையைச் சொல்வது யார் என்று நினைத்துப் பாருங்கள். தாத்தா பாட்டியின் கதையைக் கேட்டு வளர்ந்த பேரன். அவன் அங்கே இல்லவே இல்லை. வீட்டில் கேட்ட கதை எந்த நிறத்தில் இருக்குமோ அந்த நிறம்தான் இது.

படி 4: 'ஜூ டௌ' படத்தில் வெளிச்சம் எங்கிருந்து விழுகிறது என்று பாருங்கள்

1990. ஜாங் யிமோவும் யாங் ஃபெங்லியாங்கும் இயக்கியது. ஒளிப்பதிவில் கு சாங்வெய்யுடன் யாங் லுன் பெயரும் உண்டு. எடுத்த இடம் ஆன்ஹுய் மாகாணத்தின் நான்பிங் கிராமம். அந்தப் பகுதியின் பழைய வீடுகளுக்கு வெளிப்பக்கம் ஜன்னல் ரொம்பக் குறைவு. உயரமான சுவர்கள், நடுவில் வானத்தைப் பார்த்துத் திறந்த ஒரு முற்றம். வெளிச்சம், மழை, காற்று எல்லாம் அது வழியாகத்தான் வரவேண்டும். செட்டிநாட்டு வீட்டின் வளவைச் சுருக்கி, சுவரை உயர்த்தினால் வருகிற மாதிரி என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஒளிப்பதிவாளருக்கு இப்படிப்பட்ட வீடு ஒரு வரம், ஒரு தண்டனையும் கூட. வெளிச்சம் மேலிருந்து மட்டும் விழும். முகத்தில் பாதி எப்போதும் இருட்டு. அதை அவர்கள் கதைக்கே திருப்பிவிட்டார்கள். கிழவனுக்கு விற்கப்பட்ட பெண், கிழவனால் வளர்க்கப்பட்ட, அவளை ஓட்டை வழியாகப் பார்க்கும் உறவுப் பையன், யாரும் நேருக்கு நேர் வெளிச்சத்தில் நிற்க முடியாத குடும்பம். முற்றத்தில் சாயம் போட்ட துணிகள் உயரத்திலிருந்து தரைவரை தொங்குகின்றன. வெயில் அவற்றின்மேல் மட்டும்தான் முழுதாக விழுகிறது. மனுஷர்களுக்குக் கிடைக்காத வெளிச்சம் துணிக்குக் கிடைக்கிறது.

இங்கே ஒரு தொழில்நுட்ப விஷயம் சொல்லியே ஆக வேண்டும். டெக்னிகலரின் பழைய பிரிண்ட் முறையில் நிறம் ரசாயனத்தால் ஃபிலிமுக்குள் உருவாவதில்லை. படத்தை மூன்று அச்சுகளாகப் பிரித்து, ஒவ்வொன்றையும் ஒரு சாயத்தில் நனைத்து, வெற்று ஃபிலிமின்மேல் ஒன்றன்பின் ஒன்றாகப் பதிப்பார்கள். கிட்டத்தட்ட அச்சுப் புடவை போடுகிற வேலை. செலவு அதிகம் என்று 1970களில் அமெரிக்காவில் கைவிட்டுவிட்டார்கள். அதன் இயந்திரங்கள் பீஜிங் லேபுக்குப் போய்ச் சேர்ந்தன. 'ஜூ டௌ' பிரிண்ட்கள் அந்த முறையில் எடுக்கப்பட்டவை. சாயப்பட்டறையைப் பற்றிய படம், சாயத்தில் நனைத்தே பிரிண்ட் போடப்பட்டது! திட்டமிட்டு அமைந்ததோ தற்செயலோ, எனக்கு இந்தத் தகவல் தெரிந்த நாளிலிருந்து அந்தத் துணி விழும் காட்சியைச் சாதாரணமாகப் பார்க்க முடியவில்லை.

ஆஸ்கரின் வெளிநாட்டுப் படப் பிரிவுக்கு நியமனமான முதல் சீனப் படமும் இதுதான்.

படி 5: நடுவில் ஒரு அமைதியான படம்

சிவப்பு போதும் என்று தோன்றும் நேரத்தில் சென் கைகேயின் 'கிங் ஆஃப் தி சில்ட்ரன்' (1987) பாருங்கள். 'ரெட் சோர்கம்' வந்த அதே வருடம், அதே ஆளின் கேமரா என்று நம்புவது கஷ்டம். யுன்னானின் மலைப்பகுதியில் ஒரு பள்ளிக்கூடம், படிப்பை நடுவில் விட்ட ஒரு இளைஞன் அங்கே வாத்தியார். கேமரா அசையாமல் நிற்கிறது, மூடுபனி மட்டும் நகர்கிறது. தொடக்கத்தில் மலைமேல் தெரியும் பள்ளிக்கூடத்தின்மேல் வெளிச்சம் மாறிக்கொண்டே வருவதை அவசரப்படாமல் பாருங்கள். தூக்கம் வந்தால் தப்பில்லை, எனக்கும் வந்தது. மறுநாள் காலையில் தொடர்ந்தேன்.

சென் கைகேயுடன் அடுத்து எடுத்த 'லைஃப் ஆன் எ ஸ்ட்ரிங்' (1991) கண்பார்வை இல்லாத இசைக்கலைஞர்களைப் பற்றியது. நேரம் இருந்தால் பாருங்கள்.

படி 6: 'ஃபேர்வெல் மை கான்குபைன்' படத்தைக் குறுக்கே நிற்கும் பொருட்கள் வழியாகப் பாருங்கள்

1993 கான் விழாவில் 'தி பியானோ' படத்தோடு தங்கப் பனை விருதைப் பகிர்ந்துகொண்ட படம். கு சாங்வெய்க்கு ஆஸ்கர் ஒளிப்பதிவு நியமனம் வாங்கிக் கொடுத்ததும் இதுவே. அந்த வருடம் விருது 'ஷிண்ட்லர்ஸ் லிஸ்ட்' படத்துக்காக யானுஷ் கமின்ஸ்கிக்குப் போனது.

1924 தொடங்கி 1977 வரை நீளும் கதை. பீஜிங் ஓப்பராவில் பெண் வேடம் கட்டும் ஒருவன், ராஜா வேடம் கட்டும் அவன் தோழன், அந்தத் தோழனைக் கட்டிக்கொள்ளும் ஒருத்தி. படம் தொடங்குவது 1977இல், ஆளில்லாத ஒரு பெரிய விளையாட்டரங்கில். முழு ஒப்பனையில் இரண்டு பேர் இருட்டிலிருந்து வருகிறார்கள், பின்னாலிருந்து மட்டும் வெளிச்சம். அங்கிருந்து படம் 1924க்குப் போகிறது. நிறம் ஏறக்குறைய வற்றிவிடுகிறது. குளிர்காலத் தெரு, பழுப்பும் சாம்பலும், மூச்சுக்காற்றின் ஆவி. பிறகு வருடங்கள் நகர நகர நிறம் மெல்ல ஊறி வருகிறது. மேடையில் முதலில், வாழ்க்கையில் பிறகு.

மகனை நாடகப் பள்ளியில் சேர்க்க அவனுடைய ஆறாவது விரலை வெட்டும் தாயாக வருபவர் ஜியாங் வென்லி, கு சாங்வெய்யின் மனைவி. வந்து போவது கொஞ்ச நேரம்தான், அந்த முகம் படம் முடியும்வரை கூடவே வரும்.

இந்தப் படத்தில் ஒரு சின்னப் பயிற்சி. கேமராவுக்கும் நடிகருக்கும் நடுவில் ஏதாவது பொருள் வரும்போதெல்லாம் ஒரு தாளில் குறித்துக்கொள்ளுங்கள். கண்ணாடி, புகை, மெல்லிய திரை என்று பட்டியல் வளரும். பெண் வேடக்காரராக நடித்த லெஸ்லி சியுங் அபினில் மூழ்கிக் கிடப்பதைத் தங்கமீன்கள் நீந்தும் தொட்டி வழியாகக் காட்டுகிறார்கள். அவர் தண்ணீருக்கு அந்தப்பக்கம், நாம் இந்தப்பக்கம். கலாச்சாரப் புரட்சியில் பொது இடத்தில் நிறுத்தி அவமானப்படுத்தும் காட்சியில் குறுக்கே இருப்பது நெருப்பு. தழலின் வெப்பத்தில் முகங்கள் நெளிகின்றன. ஒருவரை ஒருவர் காட்டிக்கொடுக்கும் வார்த்தைகள் வாயிலிருந்து வரும்போது முகமே நிலையாக இல்லை. இதை எடிட்டிங் மேசையில் செய்ய முடியாது. அங்கே, அந்த நெருப்புக்கு இந்தப்பக்கம் கேமரா நின்றிருக்க வேண்டும்.

படி 7: ஜியாங் வென்னின் இரண்டு படங்களை அடுத்தடுத்த நாள் பாருங்கள்

பல்லக்குத் தூக்கியாக நடித்த அதே ஜியாங் வென் பின்னால் இயக்குநரானார். அவருடைய முதல் இரண்டு படங்களுக்கும் கேமரா கு சாங்வெய். என்னைக் கேட்டால் அவருடைய உச்சம் இங்கேதான் இருக்கிறது, பெரிய பரிசு வாங்கிய சிவப்புப் படங்களில் இல்லை.

'இன் தி ஹீட் ஆஃப் தி சன்' (1994): 1970களின் பீஜிங். பெரியவர்கள் புரட்சி வேலையாகப் போய்விட, ஊரே பையன்கள் கையில். கதாநாயகன் கள்ளச்சாவி செய்து அடுத்தவர் வீட்டுப் பூட்டைத் திறப்பதில் கெட்டிக்காரன். அப்படி நுழைந்த ஒரு வீட்டில் ஒரு பெண்ணின் புகைப்படத்தைப் பார்க்கிறான். அவ்வளவுதான், கதை. கோடை முழுக்க வெயில். ஓட்டுக்கூரைமேல் நடக்கும்போது, சைக்கிளில் போகும்போது, தோல்மேல் வெயில் எண்ணெய் தடவிய மாதிரி பளபளக்கிறது. அந்தக் காலத்துச் சீனாவைச் சாம்பல் நிறமாகவே காட்டிப் பழகிய கண்களுக்கு இது பொன்னிறமாக வந்து விழுகிறது.

இப்போது நம் கேள்வியைக் கேளுங்கள்: யார் கண்ணுக்கு? வளர்ந்துவிட்ட கதைசொல்லிக்கு. தன் நினைவில் எப்போதும் வெயில்தான் என்று அவனே சொல்கிறான். அதோடு விடவில்லை. ஒரு இடத்தில் காட்சியை நிறுத்தி, நான் சொன்னது பொய், இப்படி நடக்கவே இல்லை என்றும் ஒப்புக்கொள்கிறான். அப்படியென்றால் அந்தத் தங்க வெளிச்சமும் பொய்யா? படத்தின் முடிவில் அதே நண்பர்கள் வளர்ந்து, பணக்காரர்களாகி, பெரிய காரில் பீஜிங்கைச் சுற்றுகிறார்கள். அந்தப் பகுதி கருப்பு வெள்ளை. பழையதைக் கருப்பு வெள்ளையிலும் இன்றையதைக் கலரிலும் காட்டுவது ஊர் வழக்கம். இங்கே தலைகீழ்.

'டெவில்ஸ் ஆன் தி டோர்ஸ்டெப்' (2000): முடிவைத் தெரிந்துகொள்ள விரும்பாதவர்கள் அடுத்த பத்தியைத் தாண்டிவிடுங்கள். ஜப்பானிய ஆக்கிரமிப்புக் காலம், ஒரு வடசீனக் கிராமம். நள்ளிரவில் யாரோ கதவைத் தட்டி, நெற்றியில் துப்பாக்கி வைத்து, இரண்டு கைதிகளைச் சாக்கில் கட்டிக் கொடுத்துவிட்டுப் போகிறார்கள். கிராமத்தார் அவர்களை என்ன செய்வதென்று தெரியாமல் தவிக்கிறார்கள். சிரிப்பும் பயமும் ஒன்றாக. முழுக்கக் கருப்பு வெள்ளை. இருட்டு அறையில் ஒரு விளக்கைச் சுற்றி நாலைந்து முகங்கள் முட்டிக்கொள்கின்றன, கேமரா மூக்கருகே போய் நிற்கிறது.

கடைசிக் காட்சியில் நாயகனின் தலை துண்டிக்கப்பட்டு உருள்கிறது. அப்போது முதல்முறையாகக் கலர் வருகிறது, சிவப்பு. அதுவரை நாம் பார்த்தது யார் கண் வழியாக என்று அந்த நொடியில்தான் கேட்கத் தோன்றும். முந்தைய படம் கலரிலிருந்து கருப்பு வெள்ளைக்குப் போனது, இது கருப்பு வெள்ளையிலிருந்து கலருக்கு. இரண்டையும் அடுத்தடுத்த நாள் பார்க்கச் சொன்னதற்குக் காரணம் இதுதான்.

கான் விழாவில் இந்தப் படம் கிராண்ட் பிரி வாங்கியது. சீனாவில் தடை விதித்தார்கள்.

படி 8: அமெரிக்கப் படங்களை வேகமாகத் தாண்டுங்கள்

1990களின் கடைசியில் ஹாலிவுட் போனார். ராபர்ட் ஆல்ட்மன் இயக்கிய 'தி ஜிஞ்சர்பிரெட் மேன்' (1998) படத்தில் புயலும் மழையும் அடிக்கும் சவானா நகரம், ஈரக் கண்ணாடிகள் வழியாகத் தெரியும் முகங்கள் என்று பழைய கை தெரிகிறது. அதே வருடம் 'ஹர்லிபர்லி'. பிறகு ஜோன் சென் இயக்கிய 'ஆட்டம் இன் நியூயார்க்' (2000). இலையுதிர்காலப் பூங்கா அழகாக இருக்கிறது, நாட்காட்டிப் படம் அழகாக இருப்பதுபோல. நிறம் இருக்கிறது. அது யாருடைய நிறம் என்று கேட்டால்தான் பதில் வரவில்லை. ஒருவருடைய பாணியை அவர் சறுக்கிய இடத்தில் வைத்துப் பார்த்தால் இன்னும் தெளிவாகத் தெரியும் என்பதால் ஒன்றையாவது பாருங்கள்.

படி 9: கேமராவை இன்னொருவரிடம் கொடுத்த பிறகு

2005இல் 'பீக்காக்' படத்தோடு இயக்குநரானார். பெர்லினில் நடுவர் குழுவின் பெரும்பரிசான வெள்ளிக்கரடி கிடைத்தது. அதன்பிறகு 'அண்ட் தி ஸ்பிரிங் கம்ஸ்' (2007), 'லவ் ஃபார் லைஃப்' (2011), 'லவ் ஆன் தி க்ளவுட்' (2014) என்று போனார். இதில் ஒன்றை மட்டும் பார்க்க நேரமிருந்தால் 'பீக்காக்' போதும்.

கலாச்சாரப் புரட்சி ஓய்ந்த காலம், ஒரு சின்ன நகரம், அப்பா அம்மா, ஒரு அண்ணன், ஒரு அக்கா, ஒரு தம்பி. பாராசூட் வீரராகும் கனவு உடைந்துபோன அக்கா, தானே நீலத் துணியில் ஒரு பாராசூட் தைத்து, சைக்கிளுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு தெருவில் ஓட்டுகிறாள். மங்கிய ஊருக்கு நடுவில் அந்த நீலம் காற்று வாங்கி விரிகிறது. சோளக்காட்டையும் சாயத்துணியையும் எடுத்த ஆள் பதினைந்து பதினெட்டு வருடம் கழித்து ஒரே ஒரு துண்டுத் துணியோடு நிறுத்திக்கொள்கிறார்.

கடைசிக் காட்சியில், அவரவர் வாழ்க்கை அவரவரை இழுத்துப் போன பிறகு, மூன்று பேரும் தனித்தனியாகத் தங்கள் குடும்பத்தோடு குளிர்கால மிருகக்காட்சிச் சாலைக்கு வருகிறார்கள். கூண்டில் மயில். கொஞ்ச நேரம் நின்று பார்க்கிறார்கள், அது தோகை விரிக்கவில்லை, போய்விடுகிறார்கள். இந்த இடத்தில் படம் முடிந்துவிட்டது என்று நினைத்து ரிமோட்டை எடுத்துவிடாதீர்கள். மூன்றாவது குடும்பமும் ஃப்ரேமை விட்டு வெளியேறிய பிறகும் கேமரா அங்கேயே நிற்கிறது. மயில் அப்புறம்தான் விரிக்கும்.